அப்பாவின் ரேடியோ ஒரு நிமிடம் பின்னால்

எங்கள் வீட்டில் கால்பந்து ஆட்டத்துக்குக் காசு கொடுப்பது கிடையாது. இது அப்பா போட்ட சட்டம். டிவியில் பார்க்க வேண்டுமானால் மாதச் சந்தா கட்ட வேண்டும் என்று வந்தபோது, அவர் டிவியை அணைத்துவிட்டு, "டிக்கெட் கண்ணுக்குத்தான், காதுக்கு யாரும் டிக்கெட் கேக்க முடியாது" என்றார். அன்றிலிருந்து எங்களுக்கு ரேடியோதான்.

அப்பா ஆயுள் முழுக்க பஸ் ஓட்டியவர். மூட்டு தேய்ந்துபோய் இப்போது உள்ளறைக் கட்டிலை விட்டு அதிகம் நகர்வதில்லை. ஆனால் ஓசியில் ஆட்டம் கேட்க உலகத்தில் எத்தனை வழி உண்டோ அத்தனையும் அவருக்கு அத்துப்படி. போனுக்குள்ளேயே ரேடியோ ஒளிந்திருக்கிறது, ஒயர் வைத்த இயர்போனைச் செருகினால்தான் அது வாயைத் திறக்கும், ஏனென்றால் அந்த ஒயர்தான் அதற்கு ஏரியல் என்று அவரேதான் கண்டுபிடித்தார். கிளப்பின் வெப்சைட்டில் ஈமெயிலை மட்டும் கொடுத்தால் இலவச வர்ணனை வரும். ஆனால் அதில் பேசுகிற இருவரும் பைத்தியங்கள், எதிரணி கோல் போட்டால் அதைச் சொல்லவே மாட்டார்கள். வேறு ஏதோ நாட்டுத் தளம் ஒன்று இருந்தது. அதில் ஆட்டம் தொடங்குவதற்குள் முடிகொட்டுவதற்கு மருந்து விற்றே நம்மைக் கொன்றுவிடுவார்கள். இப்படி ஊரெல்லாம் சுற்றி அப்பா கடைசியில் உள்ளூர் வானொலியிலேயே வந்து நின்றார்.

அதையும் இரண்டு வழியாகக் கேட்கலாம். பழைய டிரான்சிஸ்டரில் கேட்டால் காற்றிலிருந்து நேராக வரும், ஆனால் கரகரக்கும். போனில் அவர்களுடைய ஆப்பில் கேட்டால் சுத்தமாக இருக்கும், ஆனால் எங்கெங்கோ சுற்றிக்கொண்டு வருவதால் கிட்டத்தட்ட ஒரு நிமிடம் தாமதம். அப்பாவுக்குக் காது கொஞ்சம் மந்தம் என்பதால் போன் அவருக்கு. டிரான்சிஸ்டர் முன்னறையில் என் தையல் மிஷின் பக்கத்தில் இருக்கும்.

ஆக, எந்தக் கோலும் எனக்கு ஒரு நிமிடம் முன்னால் தெரிந்துவிடும். இதை வைத்து நான் அவரை ஓட்டாத நாள் இல்லை. "அப்பா, இப்ப ஒரு கோல் விழும் பாருங்க" என்று முன்னறையிலிருந்து குரல் கொடுப்பேன். விழும். "உனக்குக் கருநாக்குடி" என்பார். அவருக்குக் காரணம் தெரியாதா என்ன, தெரியும். ஆனாலும் ஒவ்வொரு தடவையும் அப்படித்தான் சொல்வார்.

தம்பி அந்தக் கிளப்புக்கு கோல் கீப்பர் ஆகும் வரைக்கும்தான் இதெல்லாம் வேடிக்கை. அதற்குப் பிறகு ஆட்டம் என்றாலே வீட்டில் பயம் வந்து உட்கார்ந்துகொண்டது. ரேடியோவில் கோல் கீப்பரைப் பற்றிப் பேச்சே வராமல் இருந்தால்தான் நல்லது. அவனைப் பற்றிப் பேசுகிறார்கள் என்றால் ஏதோ ஆபத்து அவனை நோக்கி வந்துகொண்டிருக்கிறது என்று அர்த்தம். அம்மாவால் அதைத் தாங்க முடியவில்லை. ஆட்ட நாளில் சித்தி வீட்டுக்குப் போய்விடுவாள். எல்லாம் முடிந்திருக்கும் என்று தோன்றும்போது போன் போட்டு ஒரே ஒரு கேள்வி கேட்பாள்: "முடிஞ்சுதா?" யார் ஜெயித்தார்கள் என்று இதுவரை கேட்டதில்லை.

மூட்டை மாமாவைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். அவர் கிளப்பின் சாமான்களுக்குப் பொறுப்பானவர். பந்து மூட்டை, பூட்ஸ், சட்டைகள், தண்ணீர் பாட்டில் எல்லாம் அவர் தோளில்தான் போகும். ஆட்டத்தின்போது பெஞ்சின் ஓரத்தில் உட்கார்ந்து, தீப்பெட்டி அளவு ரேடியோ ஒன்றைக் காதில் வைத்து இதே வர்ணனையைக் கேட்டுக்கொண்டிருப்பார். கண்ணெதிரே நடக்கிற ஆட்டத்துக்கு எதற்கு ரேடியோ என்று தம்பி கேட்டதற்கு, "அந்தக் கோடி எனக்குத் தெரியல தம்பி, மேல உக்காந்து பாக்கறவன் சொன்னாத்தான் உண்டு" என்றாராம்.

வர்ணனையாளருக்கு நாங்கள் வைத்த பெயர் தொண்டை. ஆட்டம் நிற்கிற இடைவெளிகளில் அவர் நேயர்களைப் போனில் பேச விடுவார். பிறந்தநாள் வாழ்த்து, திட்டு, எல்லாம் வரும். ஒரு தடவை பின்கள ஆட்டக்காரர் ஒருவரின் மனைவி கூப்பிட்டு, "வீட்டுச் சாவியை எங்க வச்சுத் தொலைச்சாருன்னு கேளுங்க, வெளிய நிக்கறேன்" என்றாள். மூட்டை மாமா அதைக் கேட்டு, பந்து வெளியே போன நேரத்தில் கோட்டோரம் நின்று அந்த ஆளிடம் கத்தி விசாரிக்க, அவன் சைகையில் பூந்தொட்டியைக் காட்ட, மேலே இருந்து தொண்டை அதைப் பார்த்து ரேடியோவில் சொல்லிவிட்டார். ஊருக்கே சாவி இருக்குமிடம் தெரிந்துபோயிற்று. அப்பா சிரித்துச் சிரித்து அவருக்குப் புரையேறியது.

இனி நடந்ததைச் சொல்கிறேன்.

சில நாட்களுக்கு முன் பயிற்சியில் தம்பியின் தலை கோல் கம்பத்தில் மோதியது. விழுந்தவன் எழுந்துவிட்டான். கிளப் டாக்டர் பார்த்தார், கேள்விகள் கேட்டார், சரி என்று விட்டுவிட்டார். ஒரு சாயங்காலம் வீட்டுக்கு வந்தான். அப்பா தூங்கிக்கொண்டிருந்தார். தண்ணீர் குடிக்க சொம்பை எடுத்துச் சாய்த்தான். தண்ணீர் டம்ளருக்குப் பக்கத்தில், வெறும் மேஜை மேல் விழுந்தது. விழுந்துகொண்டே இருந்தது. அவன் டம்ளரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தான்.

"என்னடா பண்ற?" என்றேன்.

"என்ன?" என்றான். பிறகுதான் பார்த்தான். சிரித்தான். "தூக்கமில்ல அக்கா."

நான் விடவில்லை. கிடுக்கிப்பிடி போட்டதும் மெதுவாக ஒப்புக்கொண்டான். சில நேரம் எல்லாம் இரண்டிரண்டாகத் தெரிகிறதாம். எது நிஜம் என்று நிதானித்து எடுக்க வேண்டியிருக்கிறதாம்.

"டாக்டர் எப்படிடா விட்டாரு?"

"அவர் எப்பவும் அதே கேள்விதான் கேப்பாரு. எந்த மைதானம், கடைசி கோல் யாரு, போன வாரம் யாரோட ஆட்டம். நாங்க எல்லாரும் ஆட்டத்துக்கு முன்னாடியே மனப்பாடம் பண்ணிட்டுத்தான் இறங்குவோம்." அதைப் பெருமையாக வேறு சொன்னான். "இந்த சீசனோட என் ஒப்பந்தம் முடியுது. பெஞ்சுல ஒருத்தன் எப்படா நான் எழுந்திருப்பேன்னு உக்காந்திருக்கான். தலை சரியில்லன்னு வெளிய தெரிஞ்சா எந்தக் கிளப்பும் என்னைத் தொடாது. அப்பாகிட்ட சொல்லாத. தானா சரியாயிடும்."

ஒரு கோல் கீப்பருக்குப் பந்து எங்கே இருக்கிறது என்று தெரியவில்லை. இதைத் தெரிந்துகொண்டு நான் எப்படிச் சாப்பிட்டேன், எப்படித் தூங்கினேன் என்று எனக்கே தெரியாது. ஆட்டத்தை எதிர்பார்த்துப் பயந்துகொண்டே இருந்தேன். அப்பாவிடம் சொல்லவில்லை. எழுந்து நாலடி நடக்க முடியாத மனுஷனிடம் இதைச் சொல்லி அவர் என்ன செய்யப் போகிறார் என்று நினைத்தேன்.

ஆட்டத்தன்று மத்தியானம் அம்மா கிளம்பிப் போனாள். நான் மிஷினில் உட்கார்ந்தேன். ஒரு ஓட்டலுக்கு ஜன்னல் திரைகள் தைக்க வேண்டியிருந்தது. நேர் தையல், நீளமாக ஓடும், யோசிக்க வேண்டியதில்லை. அதுதான் வினை. கைக்கு வேலை இருந்தது, மனதுக்கு இல்லை.

பக்கத்து ஊர் மைதானத்தில் ஆட்டம். தொண்டை உற்சாகமாகத் தொடங்கினார். முதல் பாதியில் தம்பியைப் பற்றிப் பேச்சு அதிகம் வரவில்லை. வந்த ஒரே தடவை, "கீப்பர் எகிறிட்டார், ஆனா கைல பந்துக்குப் பதிலா காத்துதான். நல்லவேளை, பந்து மேல போயிடுச்சு" என்று சொல்லி தொண்டை சிரித்தார். இரண்டு பந்தில் தப்பான பந்தைப் பிடிக்கப் போயிருக்கிறான் என்று எனக்கு மட்டும்தான் தெரியும். ஊசி துணியை விட்டு இறங்கி ஓரமாக ஓடியிருந்தது. பிரித்துத் திரும்பத் தைத்தேன்.

உள்ளறையில் ஒரு நிமிடம் கழித்து அதே சிரிப்பு கேட்டது. அப்பா கூடச் சேர்ந்து சிரிக்கவில்லை.

இரண்டாம் பாதி. ஒன்றுக்கு ஒன்று. பந்து எங்கள் பக்கமே வந்துகொண்டிருந்தது. தொண்டையின் குரல் ஏறியது. "இடது பக்கத்துலேருந்து பந்து உள்ள வருது. கீப்பர் வெளிய வர்றார். கொஞ்சம் தாமதமா வர்றார். ஸ்ட்ரைக்கரும் வர்றார். மோதிட்டாங்க. ரெண்டு பேரும் கீழ. ஸ்ட்ரைக்கர் எழுந்துட்டார். கீப்பர் எழுந்திருக்கல. முழங்கால் தலையில பட்டிருக்கும்னு நினைக்கறேன். அசைவில்லாம படுத்திருக்கார். மைதானமே..."

அந்த இடத்தில் டிரான்சிஸ்டர் 'கொர்ர்ர்' என்று அலற ஆரம்பித்தது.

கீழே கிரில் பட்டறை. அவர்கள் இரும்பு அறுக்கும் மிஷினைப் போட்டால் டிரான்சிஸ்டரில் வேறு எதுவும் கேட்காது. எல்லா ஆட்டத்துக்கும் முன்னால் நான் கீழே போய், "அண்ணே, இன்னிக்குத் தம்பி ஆடறான்" என்று சொல்லிவிட்டு வருவேன். அவரும் அறுக்கிற வேலையை ஒதுக்கிவிட்டுப் பெயின்ட் அடிப்பார். இன்றைக்குப் பயத்தில் சொல்ல மறந்திருக்கிறேன். டிரான்சிஸ்டரைத் தூக்கி ஜன்னலில் வைத்தேன், கதவருகே கொண்டுபோனேன், தலைக்கு மேல் பிடித்தேன். கொர்ர்ர். கீழே ஓடிச் சொல்லலாம் என்றால், அந்த நேரத்தில் இங்கே என்ன சொல்லிவிடுவார்களோ.

அப்போதுதான் உள்ளறைப் போன் ஞாபகம் வந்தது. அதில் இன்னும் அந்த மோதல் நடக்கவில்லை. அங்கே தம்பி இன்னும் கோல் கம்பங்களுக்கு நடுவே நின்றுகொண்டிருக்கிறான்.

உள்ளே போனேன். அப்பா தலையணையில் சாய்ந்து போனை மார்பில் வைத்திருந்தார். தொண்டை சாவகாசமாக யாரையோ பாராட்டிக்கொண்டிருந்தார். எனக்கு இரண்டு நினைப்பு. போனைப் பிடுங்கி அணைத்துவிட வேண்டும், அப்பா இதைக் கேட்கக் கூடாது. அணைக்கவும் கூடாது, என் பட்டன் போனில் ஆப் எதுவும் வராது, அணைத்தால் அதற்குப் பின் என்ன ஆயிற்று என்று எனக்குத் தெரிய வேறு வழியே இல்லை. கையை நீட்டினேன். "அப்பா, போனைக் கொஞ்சம் குடுங்க. அவசரமா ஒரு கால் பண்ணணும்."

அவர் கொடுக்கவில்லை. இரண்டு கையாலும் அதைப் பிடித்துக்கொண்டார். "உன் போன் உன் கைல இருக்கு" என்றார். "உக்காரு."

"இல்லப்பா..."

"மிஷின் நின்னுடுச்சு" என்றார். "உனக்குக் கருநாக்கும் இல்ல ஒண்ணும் இல்ல. நம்ம கோல்னா உன் மிஷின் பறக்கும். அவங்க கோல்னா நிக்கும், கத்திரிக்கோல் மேஜைல டங்குனு விழும். எனக்கு எல்லா ஆட்டமும் ரெண்டு தடவை வருது. இன்னிக்கு மிஷின் நின்னுது, கத்திரிக்கோல் விழல. அப்புறம் நீ அந்த ரேடியோவைத் தூக்கிட்டு அங்கயும் இங்கயும் ஓடற. அவனுக்கு என்ன?"

கட்டில் விளிம்பில் உட்கார்ந்தேன். "இடது பக்கத்துலேருந்து பந்து உள்ள வருது" என்றார் தொண்டை. அப்பா என் கையைப் பிடித்தார். மோதினார்கள். ஸ்ட்ரைக்கர் எழுந்தார். கீப்பர் எழுந்திருக்கவில்லை. எனக்குத் தெரிந்ததெல்லாம் இத்தோடு தீர்ந்தது. இனி வருவது எனக்கும் புதிது.

"மைதானமே அமைதியாயிடுச்சு" என்றார் தொண்டை. "டாக்டர் ஓடறார். மூட்டை தூக்கறவரும் தண்ணியோட ஓடறார்." பிறகு தொண்டையும் பேசவில்லை. கூட்டத்தின் முனகல் மட்டும் வந்துகொண்டிருந்தது. ரேடியோவில் அவ்வளவு நேரம் ஒருவரும் பேசாமல் இருந்து நான் கேட்டதில்லை. அப்பாவின் கை சூடாகவும் ஈரமாகவும் இருந்தது. கடவுளே என்று வாய்விட்டுச் சொல்லவும் பயமாக இருந்தது.

"உக்காந்துட்டார்" என்றார் தொண்டை. "டாக்டர் ஏதோ கேக்கறார். கீப்பர் பதில் சொல்றார். எழுந்துட்டார். கட்டை விரலைக் காட்டறார். சிங்கம்னா இதுதான். ஆட்டத்தைத் தொடரப் போறார். என்ன ஒரு துணிச்சல் பாருங்க."

கூட்டம் கை தட்டியது. அசைவில்லாமல் படுத்திருந்தபோது இருந்த பயத்தைவிட இப்போது வந்தது பெரிய பயம். கேள்விக்கெல்லாம் பதில் சொல்லியிருக்கிறான். மனப்பாடம் பண்ணியதை ஒப்பித்திருக்கிறான்.

"எழுந்துட்டான்" என்றார் அப்பா, அழப்போகிறவர் மாதிரி. "ஏன் எழுந்தான்?"

நான் அவரைப் பார்த்தேன்.

"முந்தாநாள் போன் பண்ணான்" என்றார். "புது பூட்ஸ் வாங்கினேன்னு சொன்னான். வச்சுட்டான். கொஞ்ச நேரம் கழிச்சு மறுபடி பண்ணான். அப்பா, புது பூட்ஸ் வாங்கினேன்னு சொன்னான். அதே வார்த்தை, அதே சிரிப்பு. நான் புதுசாக் கேக்கற மாதிரி கேட்டுக்கிட்டேன். உன்கிட்ட சொன்னா நீ பயப்படுவேன்னு சொல்லல."

நான் தண்ணீர் டம்ளரைப் பற்றிச் சொன்னேன். ஒரே கூரைக்குக் கீழே ஒரே பயத்தை ஆளுக்கொரு அறையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறோம். எனக்கு அவர் மேலும் கோபம், என் மேலும் கோபம்.

தம்பிக்குப் போன் செய்ய முடியாது, அது உடை மாற்றும் அறையில் பெட்டிக்குள் இருக்கும். கிளப் ஆபீசுக்கு அடித்தேன். அடித்துக்கொண்டே இருந்தது. ஆட்ட நாளில் அங்கே யார் இருப்பார்கள்? மேனேஜர் நம்பர் எங்களிடம் இல்லை. மூட்டை மாமா நம்பரும் இல்லை. "இன்னொரு அடி விழுந்தா..." என்று ஆரம்பித்து அப்பா நிறுத்திக்கொண்டார்.

போனில் வானொலி நிலையத்தின் நம்பர் பாட்டாக வந்தது. பத்து நிமிடத்துக்கு ஒருமுறை பாடுவார்கள். சின்னக் குழந்தைக்கும் அது மனப்பாடம். நாங்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம்.

"மூட்டை மாமா கேட்டுக்கிட்டிருப்பார்" என்றேன். "ஆனா ஊரே கேக்கும்ப்பா. எல்லாக் கிளப்பும் கேக்கும். அவன் பொழப்பு போயிடும். ஜென்மத்துக்கும் என்னோட பேச மாட்டான்."

"பொழப்பு போனா நீ தையல் கத்துக் குடு" என்றார். "தலை போனா என்ன குடுப்ப?"

நம்பரை அழுத்தினேன். அவசரத்தில் இரண்டு தடவை தப்பாகப் போயிற்று. மூன்றாவது தடவை ஒரு பெண் எடுத்தாள். "வணக்கம், யாருக்கு வாழ்த்து சொல்லப் போறீங்க?"

"நான் கோல் கீப்பரோட அக்கா."

"நிஜமாவா? சூப்பர் அக்கா. லைன்ல இருங்க. பந்து வெளிய போனதும் குடுக்கறேன். ரேடியோ பக்கத்துல இருந்தா சத்தத்தைக் குறைச்சுடுங்க. ரெண்டு வரில முடிச்சுக்கோங்க, என்ன?"

அப்பா போனைத் தலையணைக்கு அடியில் திணித்து அதன் மேல் காதை வைத்துப் படுத்துக்கொண்டார். என் காதில் ஏதோ சோப்பு விளம்பரம் ஓடியது. நடுவில் என் போன் 'பீப் பீப்' என்றது. பார்த்தால் அம்மா. இன்றைக்கென்று சீக்கிரமாகவே கூப்பிடுகிறாள். எடுத்தால் இந்த லைன் போய்விடும். அம்மாவின் பெயர் மினுங்கி மினுங்கி அணைந்தது. பெற்றவளுக்கு ஏதோ உறுத்தியிருக்கிறது.

கீழே இரும்பு அறுபட்டுக்கொண்டே இருந்தது. இந்த நிமிடத்தில் அங்கே பந்து எங்கே இருக்கிறது, அவன் எந்தப் பந்தை நோக்கிப் பாய்கிறான், எதுவும் தெரியாது.

திடீரென்று தொண்டையின் குரல் காதுக்குள்ளேயே கேட்டது. "நேயர்களே, நம்ம சிங்கத்தோட அக்கா லைன்ல இருக்காங்க. வணக்கம்மா. தம்பியை நினைச்சா பெருமையா இருக்கா?"

"மூட்டை மாமா" என்றேன். என் குரல் கீச்சென்று வந்தது. "மாமா, கேக்குதா? அவனுக்கு எல்லாம் ரெண்டு ரெண்டாத் தெரியுது. டாக்டர் கேக்கற கேள்விக்கெல்லாம் பதில மனப்பாடம் பண்ணி வச்சிருக்கான். நம்பாதீங்க. சொன்னதையே திரும்பச் சொல்றான். டம்ளர்ல தண்ணி ஊத்தத் தெரியல மாமா. அவனை வெளிய கூட்டிட்டு வாங்க. சண்டை போடுவான், விடாதீங்க."

லைன் துண்டிக்கப்பட்டது. நான் அழுதுகொண்டிருந்தேன் என்பது அப்போதுதான் தெரிந்தது.

அப்பா தலையணைக்கு அடியிலிருந்து போனை எடுத்தார். அதில் நான் இன்னும் கூப்பிடவே இல்லை. சோப்பு விளம்பரம் இப்போதுதான் ஆரம்பித்தது. செய்தாகிவிட்ட ஒன்றை, அது நடக்கும் வரைக்கும் காத்திருந்து கேட்க வேண்டும். இத்தனை நாள் இந்த ஒரு நிமிடத்தை வைத்து விளையாடியதற்கெல்லாம் அது சேர்த்து வைத்துத் திருப்பிக் கொடுத்தது.

பிறகு என் குரல் வந்தது. யாரோ வேற்று மனுஷி பேசுகிற மாதிரி இருந்தது. இவ்வளவு பயந்த குரல் எனக்கு இருக்கிறது என்று தெரியாது. அப்பா கண்ணை மூடிக்கொண்டு கேட்டார்.

குரல் நின்றது. "மன்னிக்கணும் நேயர்களே" என்றார் தொண்டை. "இது... ஆட்டம் தொடருது. எதிரணிக்குக் கார்னர். பெஞ்ச் பக்கம் ஏதோ சலசலப்பு. மூட்டை தூக்கறவர் எழுந்துட்டார். மேனேஜர் கையைப் பிடிச்சு ஏதோ சொல்றார். மேனேஜர் உதறிட்டார். கார்னர் எடுக்கப் போறாங்க. என்னது இது. மூட்டை தூக்கறவர் கோட்டைத் தாண்டி மைதானத்துக்குள்ள ஓடறார். நேரா கோலுக்கு. நடுவர் விசில். கீப்பரைக் கட்டிப் பிடிச்சுட்டார், நேயர்களே. விட மாட்டேங்கறார். நடுவர் சிவப்பு அட்டையைக் காட்டறார், அவர் திரும்பியே பாக்கல."

அப்பாவின் பிடியில் என் விரல் வலித்தது.

"மேனேஜர் மாற்று ஆட்டக்காரரை எழுப்பிட்டார். கீப்பருக்குக் கடும் கோபம். கையுறையைக் கழட்டி வீசறார். மூட்டை தூக்கறவரைத் தள்ளிவிட்டுட்டு விறுவிறுன்னு வெளிய நடக்கறார்." தொண்டை சிரித்தார். "கோபத்துல எதிரணி பெஞ்சுக்குப் போயிட்டார். அவங்களுக்கு நடுவுல போய் உக்காந்துட்டார். அவங்க பாட்டிலை எடுத்துக் குடிக்கறார்." இன்னும் கொஞ்சம் சிரித்தார். பிறகு அந்தச் சிரிப்பு தேய்ந்தது. "அவங்க யாரும் சிரிக்கல. பக்கத்துல இருக்கறவர்கிட்ட ஏதோ பேசறார், தன் ஆளுன்னு நினைச்சு. அந்தப் பையன் எழுந்து டாக்டரைக் கூப்பிடறான். ஸ்ட்ரெச்சர். ஸ்ட்ரெச்சர் கேக்கறாங்க."

அப்பா விம்மினார். அவர் அழுது நான் பார்த்ததில்லை. "அவனுக்கு நம்ம பெஞ்ச் தெரியல" என்றார். அதையே திரும்பத் திரும்பச் சொன்னார்.

அப்போது கீழே பட்டறை நின்றது. வீடு திடீரென்று அமைதியானது. முன்னறையில், ஜன்னலில் நான் விட்டுவிட்டு வந்த டிரான்சிஸ்டர் தானாகப் பேச ஆரம்பித்தது. இங்கிருந்து வார்த்தை பிடிபடவில்லை, தொண்டையின் குரல் என்று மட்டும் தெரிந்தது. அது எங்களுக்கு ஒரு நிமிடம் முன்னால் இருந்தது. ஸ்ட்ரெச்சர் வந்த பிறகு என்ன ஆயிற்று என்று அதற்குத் தெரியும்.

எழுந்தேன். முன்னறைக்கு அத்தனை தூரம் என்று எனக்குத் தெரியாது. அவன் என்னோடு பேசாமலே போகட்டும், பேசாமல் இருக்க அவன் இருந்தால் போதும் என்று நினைத்துக்கொண்டே நடந்தேன். டிரான்சிஸ்டரை எடுத்துக் காதில் வைத்தேன். நடுவில் ஒரு தடவை கரகரத்தது, மூச்சைப் பிடித்துக்கொண்டேன். முழுக்கக் கேட்டேன். ஸ்ட்ரெச்சரில் படுக்க வைத்துப் பெல்ட் போடும்போது அவன் மூட்டை மாமாவைத் தேடியிருக்கிறான். மாமா வந்து அவன் கையைப் பிடித்துக்கொண்டு கூடவே நடக்கிறாராம். கீப்பர் பேசிக்கொண்டே போகிறார், மாமாவைத் திட்டிக்கொண்டே போகிறார் என்றார் தொண்டை. ஆம்புலன்சில் ஏற்றும் முன்னால் தம்பி ஒரு கையைத் தூக்கிக் கூட்டத்துக்குக் காட்டினானாம். இரண்டு அணி ஆட்களும் எழுந்து நின்றார்கள். பிறகு மழை மாதிரி ஒரு சத்தம் டிரான்சிஸ்டர் முழுக்க வந்தது.

உள்ளே போனேன். அப்பா வாசலையே பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்கு இன்னும் ஸ்ட்ரெச்சர் மைதானத்துக்குள் வந்துகொண்டிருந்தது. மிஷின் சத்தம் இல்லை, கத்திரிக்கோல் சத்தம் இல்லை, என் முகத்தை வைத்துத்தான் அவர் தெரிந்துகொள்ள வேண்டும். அதுவும் கண்ணீரில் என்ன லட்சணத்தில் இருந்ததோ.

பக்கத்தில் உட்கார்ந்து அவர் கையை எடுத்து என் மடியில் வைத்துக்கொண்டேன்.

"அப்பா" என்றேன், "இப்பக் கை தட்டுவாங்க பாருங்க."

அவர் கருநாக்கு என்று சொல்லவில்லை. போனைக் காதோடு அழுத்திக்கொண்டு, அது வரும் வரைக்கும் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.